வெட்டிய நூலைத் தேடி மிரேனுக்கு

எங்கள் செக்கிங் மேசையில் தொங்கும் நூலுக்கு மன்னிப்பே கிடையாது. பனியனின் அக்குளில் அரை விரல் நீளத்துக்குப் பிசிறு தெரிந்தாலும் அந்தப் பீஸ் திரும்பிப் போய்விடும். நூல் வெட்டும் சின்னக் கத்தரியைக் கழுத்தில் கயிறு கட்டித் தொங்கவிட்டுக்கொண்டு பதினான்கு வருஷம் ஓட்டியிருக்கிறேன். கல்யாணப் பந்தியில் பக்கத்து இலைக்காரரின் சட்டையில் நூல் தொங்கினால்கூட எனக்குக் கை அரிக்கும். அப்படிப்பட்ட என்னை வெளிநாட்டுக்குப் போகவைத்ததும் ஒரு நூல்தான்.

திருப்பூர் நெருப்பெரிச்சலில் இருக்கும் எங்கள் பனியன் கம்பெனிக்கு மிரேன் என்ற நாட்டிலிருந்து பதினோரு அங்கிகளுக்கு ஆர்டர் வந்தது. பதினோரு பீஸுக்காக யாராவது மெஷின் ஓட்டுவார்களா? முதலாளி அதைச் சாம்பிள் என்று நினைத்துக்கொண்டார். பின்னாலேயே பெரிய ஆர்டர் வரும் என்று அவருக்கு ஒரு நப்பாசை.

ஃபாக்ஸில் வந்த குறிப்பு விசித்திரமாக இருந்தது. முழங்காலுக்கு இறங்கும் அங்கி. அக்குளுக்குக் கீழே பக்கத் தையலே இல்லாமல், ஒரே நூலில் வட்டமாகப் பின்னியிருக்க வேண்டும். எங்கள் மெஷின்களில் ஒரே சுற்றில் ஏகப்பட்ட நூல்கள் ஓடும். அதனால் நிட்டிங் தங்கவேல் அண்ணன் மூலையில் கிடந்த பழைய மெஷினைத் துடைத்து, ஒரே ஒரு தடித்த இரட்டை நூலை ஓடவிட்டு, கட்டை வண்டி வேகத்தில் பின்னிக் கொடுத்தார். கீழ் ஓரத்தை மடித்துத் தைக்கக் கூடாது, நூல் முனை ஒரு முழம் தொங்க வேண்டும் என்றும் குறிப்பில் எழுதியிருந்தது. அதை நான் படித்தேன். படித்திருந்தேன் என்பதுதான் வெட்கக்கேடு.

அங்கிகள் செக்கிங்குக்கு வந்த அன்று வேறொரு கன்டெய்னர் கிளம்பும் அவசரத்தில் இருந்தேன். எங்கள் மேசையில் ஞானப்பூ என்று ஒருவர் இருக்கிறார். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்தவர், என்னைவிட மூத்தவர், பொறுமைசாலி. அவர் ஓர் அங்கியைத் தூக்கிக் காட்டினார்.

"மேடம், எல்லா பீஸ்லயும் ஒரே எடத்துல நூலு தொங்குது. வேணும்னே விட்ட மாதிரில்லா இருக்கு. வெட்டட்டுமா, வேண்டாமா?"

"நூல் தொங்குனா நாம எதுக்குங்க இங்க உக்காந்திருக்கோம்? இதையெல்லாமா கேப்பீங்க? வெட்டுங்க. ஓரம் பிரியாம ஒரு ஓவர்லாக் தையலும் அடிக்கச் சொல்லுங்க, பாக்க லட்சணமா இருக்கட்டும்" என்று அத்தனை பேர் முன்னாலும் கத்தினேன். அவர் தலையைக் குனிந்துகொண்டு வெட்டினார்.

சில வாரம் கழித்து ஃபாக்ஸ் வந்தது. "அங்கிகள் மிக அழகாக இருக்கின்றன. அணிய முடியாது. ஓரத்தை மூடியவரை அனுப்புங்கள்." முதலாளி அதைப் படித்துவிட்டு என்னைப் பார்த்தார். நான் கூரையைப் பார்த்தேன்.

எங்கே ஏறினேன், எங்கே மாறினேன் என்பதையெல்லாம் எழுதினால் உங்களுக்குக் கொட்டாவி வந்துவிடும். கப்பலில் கடைசி ஒன்றரை நாள் திசைகாட்டி முள் சுற்றிக்கொண்டே இருந்தது என்பதை மட்டும் சொல்லிவைக்கிறேன். மாலுமிகள் அதைத் துணி போட்டு மூடிவிட்டுச் சீட்டு விளையாடினார்கள்.

துறையில் இறங்கியதும், "வாங்கக்கா, சௌக்கியமுங்களா?" என்று ஒரு குரல். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அந்த ஆர்டருக்காக முன்பு எங்கள் கம்பெனிக்கு வந்துபோன ஓரன் என்ற மிரேன்காரர்தான் அது. எங்கள் ஊர் மெஸ் ஒன்றில் மூன்று மாதம் சாப்பிட்டே தமிழ் கற்றுக்கொண்ட மனிதர். அதனால் மிரேன்காரர் பேசும் தமிழில் அச்சு அசலாகப் பல்லடம் வாடை அடிக்கும். திருப்பூரில் நான் கவனிக்காத ஒன்றை அங்கே கவனித்தேன். ஓரன் ஓர் எட்டு நகர்ந்த பிறகுதான் அவருடைய நிழல் நகர்ந்தது. சுற்றிப் பார்த்தால் துறையில் எல்லாருடைய நிழலும் அப்படியே ஓர் எட்டுப் பின்னால் வந்துகொண்டிருந்தது.

"எங்கூர்ல அப்படித்தானுங்க. உங்கூர் வெயிலுக்கு அது ஒழுங்கா இருந்துச்சு" என்றார். முதல் நாள் எனக்குத் திகிலாக இருந்தது. இரண்டாம் நாள் என் நிழல் மட்டும் காலோடு ஒட்டிக்கொண்டு கிடப்பதைப் பார்த்துக் குழந்தைகள் சிரித்தார்கள்.

தொவேன் என்ற ஊருக்குப் போக வேண்டும். வண்டியில் பூட்டியிருந்தது கண்ணே இல்லாத ஒரு விலங்கு. எருமையைவிட ஒரு சுற்றுப் பெரியது. கண் உள்ளதைப் பூட்டினால் ஊருக்குப் பக்கத்தில் இருக்கும் மூட்டத்தைப் பார்த்துவிட்டு நேராக அதற்குள் போய்விடுமாம், வண்டியோடு. பாதி வழியில் அது நடுச்சாலையில் உட்கார்ந்துகொண்டது. பாடினால்தான் எழுந்திருக்குமாம். வண்டிக்காரர் பாடினார். ஓரன் பாடினார். அது காதை மடக்கிக்கொண்டது. கடைசியில் என்னைப் பாடச் சொன்னார்கள்.

எனக்குப் பாட்டு வராது. பள்ளிக்கூடத்திலேயே வாயை மட்டும் அசைக்கச் சொன்னவர்கள்தான் அதிகம். வேறு வழியில்லாமல், எனக்கு ராகத்தோடு மனப்பாடமாக இருக்கும் ஒன்றே ஒன்றை எடுத்துவிட்டேன். "பல்லடம் பல்லடம் பல்லடேம்... குண்டடம் தாராபுரம் ஏறு ஏறு ஏறேய்!" தனியார் பஸ் கண்டக்டர் கூவுகிற அதே மெட்டு. விலங்கு சட்டென்று எழுந்து ஓட ஆரம்பித்தது. நிற்கவே மாட்டேன் என்றது. பல்லடம் பஸ்ஸின் குணம் பாட்டோடு சேர்ந்து அதற்கும் ஒட்டிக்கொண்டதோ என்னவோ. வண்டிக்காரர் அன்று முழுக்க என்னை மரியாதையாகப் பார்த்தார்.

அந்த ஓட்டத்தில்தான், ஆடிக்கொண்டே, ஓரன் அந்த அங்கிகள் எதற்கென்று சொன்னார்.

தொவேனுக்குக் கீழே ஒரு பள்ளத்தாக்கு. அதில் வருஷம் முழுக்க ஒரு மூட்டம் நிற்கும். அதை அவர்கள் 'வெள்ளை' என்கிறார்கள். அங்கே பிறக்கிற பிள்ளைகளுக்குப் பெயர் கிடையாது. மூத்தவன், இரண்டாமவள், கடைக்குட்டி என்று வரிசைதான். வயது வந்ததும் வெள்ளைக்குள் தனியாக இறங்க வேண்டும். நடுவில் ஒரு கறுப்புக் கல். அதைத் தொட்டு நின்றால், அதுவரை கேட்டிராத ஒரு பெயர் காதில் விழும். அதுதான் அந்தப் பிள்ளையின் பெயர். போகாதவர்களுக்கு ஆயுசு முழுக்கப் பெயர் இல்லை. பெயர் இல்லாதவர்களுக்குக் கல்யாணம் இல்லை, நிலம் இல்லை, செத்தால் நடுகல்லும் இல்லை.

"உள்ள போனா கண்ணு தெரியாதுங்கக்கா. காதையும் நம்ப முடியாது. வேண்டப்பட்டவிய குரல் நாலு பக்கமும் கூப்புடும். செத்தவியளும் கூப்புடுவாங்க. அது பின்னால போனா அவ்வளவுதானுங்க. நூலு ஒண்ணுதான் நெசம்."

பின்னலுக்கு ஒரு குணம் உண்டு. கடைசியாகப் பின்னிய வரிசையில் முனை கிடைத்துவிட்டால், இழுக்க இழுக்கத் துணி வரிசை வரிசையாகப் பிரிந்து வந்துகொண்டே இருக்கும். எங்கள் தொழிலில் அதற்கு வியாதி என்று பெயர். இவர்களுக்கு அதுதான் வழி. அங்கியின் முனையைக் கரையில் ஒருவர் பிடித்துக்கொள்வார். உள்ளே போகிறவர் நடக்க நடக்க அங்கி கீழிருந்து பிரியும். திரும்பும்போது அதே நூலைச் சுருட்டிக்கொண்டே வர வேண்டும். நான் வெட்டச் சொன்னது அந்த முனையை. ஓவர்லாக் போட்டு அடைத்தது அந்த வழியை.

கழுத்தில் தொங்கிய கத்தரியைக் கைக்குள் மறைத்துக்கொண்டேன்.

தொவேனில் நெரிதா என்ற அம்மாவின் வீட்டில் தங்கவைத்தார்கள். என் வயதுதான் இருக்கும். உள்ளே நுழைந்ததும் வெந்நீர் கொடுத்தார், கால் துடைக்கத் துணி கொடுத்தார், பிறகு ஒரு பெரிய கிண்ணத்தில் உப்புப் பாசிக் கஞ்சி. நம் ஊர்க் கிணற்றுப் படியில் வழுக்குமே, அதையே காய்ச்சியது போல இருந்தது. மரியாதைக்கு ஒரு வாய் குடித்தேன். கொண்டுபோயிருந்த கொள்ளுப் பொடியைக் கொஞ்சம் தூவி இன்னொரு வாய் குடித்தேன். நெரிதா தன் கிண்ணத்தையும் நீட்டினார். அப்புறம் அந்த வீட்டில் கஞ்சி, ரொட்டி, வேகவைத்த கிழங்கு, ஏன் பழத்தின் மேலும் கொள்ளுப் பொடிதான். மூன்று வாரத்துக்கு வைத்திருந்ததை இரண்டு நாளில் காலி செய்தார்கள்.

அந்த வீட்டின் இரண்டாமவள் இந்த வருஷம் வெள்ளைக்குள் இறங்க வேண்டியவள். துறுதுறுவென்று இருந்தாள். ஓரனை நடுவில் வைத்துக்கொண்டு என்னை ஓயாமல் கேள்வி கேட்டாள்.

"பெயர் இருந்தால் எப்படி இருக்கும்?"

"ஒண்ணும் இருக்காது கண்ணு. ரேஷன் கார்டுல தப்பா எழுதுவாங்க, அதத் திருத்த நாலு தடவ அலையணும்."

அவள் அதைக் கேட்டுப் பெருமூச்சு விட்டாள். தப்பாக எழுதுவதற்காவது ஒரு பெயர் வேண்டுமென்றாள்.

சுவரோரம் ஒரு கம்பளி அங்கி மாட்டியிருந்தது. கழுத்தும் தோளும்தான் இருந்தன, கீழே பாதியில் நின்றுபோன பின்னல். யாருடையது என்று கேட்டேன். ஓரன் தயங்கிவிட்டுச் சொன்னார். நெரிதாவின் மூத்தவன் போன வருஷம் இறங்கினான். சொந்த ஆட்டு ரோமத்தில் முறுக்கிய நூல், நடுவழியில் இற்றுப்போனது. வெள்ளை சில நாள் கழித்து அங்கியை மட்டும் கரையில் ஒதுக்கிவிட்டது. அதன் பிறகுதான் ஊர் கூடி, அறாத நூல் எந்த நாட்டில் கிடைக்கும் என்று விசாரித்து எங்களிடம் வந்திருக்கிறார்கள்.

அதைக் கேட்டபின் நெரிதாவின் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. அவரோ என் கிண்ணத்தில் இன்னொரு கரண்டி கஞ்சி ஊற்றினார். நான் செய்த வேலைக்கு என்னைத் திட்டியிருக்கலாம். அந்த மூன்று நாளில் ஒரு வார்த்தை கடிந்து பேசவில்லை. அதற்கு நான் அவருக்கு எப்போதும் நன்றிக்கடன் பட்டிருக்கிறேன்.

மறுநாள் காலை பதினோரு வீட்டுக்காரர்களும் அங்கிகளோடு வந்துவிட்டார்கள். அதற்கு அடுத்த நாள் உச்சி வேளையில்தான் வெள்ளை மெலியும், வருஷத்தில் அந்த ஒரு நாள்தான். நேரம் கொஞ்சம்தான் இருந்தது. ஓவர்லாக் தையலைப் பிரிப்பது பெரிய வித்தையில்லை. அதற்கு அப்புறம்தான் வேலை. ஓவர்லாக் மெஷினின் கத்தி ஓரத்தை ஏறுக்கு மாறாக வெட்டியிருந்தது. துண்டு துண்டாக வரும் நூலை எடுத்துப்போட்டு, எடுத்துப்போட்டு, ஒரு வரிசை முழுதாக ஒரு சுற்றுச் சுற்றி வரும்வரை போக வேண்டும். எங்காவது ஒரு கண்ணி, அதாவது பின்னலின் ஒரு வளையம், அரைகுறையாக வெட்டுப்பட்டிருந்தால் அது உள்ளே போய்த்தான் அறும். ஒவ்வொரு கண்ணியையும் நகத்தால் தடவிப் பார்க்கச் சொல்லிக் கொடுத்தேன். ஆணும் பெண்ணும் வட்டமாக உட்கார்ந்து, மூச்சுக்கூட விடாமல் செய்தார்கள். எங்கள் மேசையில் ரேடியோ இல்லாமல் யாருக்கும் கை ஓடாது, இவர்களுக்கு மௌனம்தான் ரேடியோ.

முனையைத் திறந்தவர்தான் கரையில் பிடிக்க வேண்டும் என்பது அவர்கள் வழக்கம். பத்து வீட்டுக்காரர்கள் தங்கள் பிள்ளையின் அங்கியைத் தாங்களே திறந்தார்கள். நெரிதா மட்டும் அங்கியைக் கொண்டுவந்து என் மடியில் வைத்தார்.

"ஒன்றைப் பிடித்துவிட்டேன். அது அறுந்ததை இந்தக் கை உணர்ந்தது. இன்னொன்றை இந்தக் கை பிடிக்காது. நீ திற. நீ பிடி" என்று அவர் சொன்னதை ஓரன் எனக்குச் சொன்னார்.

அங்கியைத் திருப்பிப் போட்டு, ஓரத்தில் முதல் தையலைப் பிரித்தேன். வெளிச்சம் இருக்கும்வரை அந்த ஓர் அங்கியோடே உட்கார்ந்திருந்தேன். முழு வரிசை வந்த பிறகும் நம்பிக்கை வராமல் மேலும் நான்கு வரிசை பிரித்தேன். பதினான்கு வருஷத்தில் முதல்முறையாக ஒரு நூலைத் தொங்கவிட்டுவிட்டுக் கத்தரியைக் கழற்றிப் பைக்குள் வைத்தேன்.

மூன்றாம் நாள் உச்சி வேளை. ஊரே பள்ளத்தாக்கின் விளிம்பில் நின்றது. வெள்ளையை அன்றுதான் பக்கத்தில் பார்த்தேன். கொதிக்கும் பாலில் ஆடை படிகிறதே, அப்படி அசையாமல் கிடந்தது. ஆனால் கிட்டே போனால் அதற்குள்ளிருந்து பேச்சுக்குரல் கேட்டது. சத்தியமாகச் சொல்கிறேன், இறந்துபோன என் அப்பா குண்டடம் சந்தைக்குக் கிளம்பும்போது கூப்பிடும் அதே குரலில், "வசந்தாமணி" என்று என் பெயர் கேட்டது. நான் ஓர் அடி எடுத்து வைத்துவிட்டேன். ஓரன் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டார்.

"எல்லாருக்கும் கேக்குமுங்கக்கா. நீங்க நூலப் பாருங்க."

பதினொரு பேரும் வரிசையாக நின்றார்கள். இரண்டாமவள் அங்கியின் ஓரத்தைத் தூக்கி எனக்குக் காட்டி, நூல் தொங்குகிறது, சரியா என்று சைகையில் கேட்டுச் சிரித்தாள். பிறகு இறங்கிவிட்டாள். பத்து எட்டில் அவள் தெரியவில்லை. அவள் நிழல் மட்டும் ஓர் எட்டுக் கழித்து உள்ளே போனது.

கரையில் பிடிப்பவர் இழுக்கக் கூடாது, சுண்டக் கூடாது. பேசிக்கொண்டே இருக்க வேண்டும். அதுவும் கண்டதைப் பேசக் கூடாது, அந்த அங்கியைச் செய்தவர்களின் பெயர்களைச் சொல்ல வேண்டும். செய்த கைகளின் பெயர் நூல் வழியாகப் போய்க்கொண்டிருந்தால், உள்ளே கேட்கும் மற்றக் குரல்கள் கொஞ்சம் தள்ளி நிற்குமாம். பத்து வீட்டுக்காரர்களுக்கும் என் வாயால் கேட்டு ஓரன் பெயர்களை எழுதிக் கொடுத்திருந்தார். தொவேன் மலை விளிம்பில் பத்துக் குரல்கள் எங்கள் கம்பெனி ஆட்களின் பெயர்களை முணுமுணுத்தன.

நானும் ஆரம்பித்தேன். நிட்டிங் தங்கவேல். கட்டிங் மாஸ்டர் பழனிச்சாமி. தோள் தைத்த செல்வி. இஸ்திரி போட்ட ராம்பிரசாத், பீகாரிலிருந்து வந்தவர். அடுத்து பேக்கிங், ஓரனுக்குப் பெயர்கள் சொன்னபோது நினைவுக்கே வராத ஆள். அங்கே நின்றேன். அந்தப் பெண் இரண்டு வருஷமாக எனக்குப் பெட்டி கட்டுகிறாள். "ஏம்மா பேக்கிங்" என்று கூப்பிட்டுத்தான் எனக்குப் பழக்கம். அவள் பெயர் எனக்குத் தெரியாது. பெயருக்காகப் பிள்ளைகள் உயிரைப் பணயம் வைக்கிற இடத்தில் நின்றுகொண்டு அதை உணர்ந்தபோது கூசிப்போனேன்.

மறுபடி முதலிலிருந்து சொன்னேன். தங்கவேல், பழனிச்சாமி, செல்வி, ராம்பிரசாத். நூல் விரலில் துடித்துக்கொண்டிருந்தது. கரையில் ஒவ்வொருவராகத் திரும்பி வர ஆரம்பித்தார்கள். ஒரு பையன் மூச்சிரைக்கத் தன் பெயரைக் கத்தினான், அவன் வீட்டார் அதைத் திருப்பிக் கத்தினார்கள். இரண்டு, ஐந்து, எட்டு, பத்து.

அப்போது என் விரலில் நூல் தொய்ந்தது.

நெரிதா என்னைப் பார்க்கவில்லை, என் விரலைத்தான் பார்த்தார். அறுந்திருக்குமோ? ஒரு கண்ணியை நான் சரியாகத் தடவவில்லையோ? ஓரன் மெல்லச் சொன்னார். "அண்ணங்காரன் கூப்புடறானுங்க. அம்மிணி கல்லுகிட்டயே நின்னுட்டா."

பெயர்களைச் சொன்னேன். நூல் அசையவில்லை. இன்னும் வேகமாகச் சொன்னேன். அசையவில்லை.

ஒரு பெயரை நான் ஆரம்பத்திலிருந்தே விழுங்கிக்கொண்டிருந்தேன். ஓரனிடம் எழுதக் கொடுத்தபோதும் அதைச் சொல்லவில்லை. வேண்டுமென்றேதான். அந்தப் பெயரைச் சொன்னால் அன்றைக்கு நான் கத்தியது ஞாபகம் வரும், அவர் தலையைக் குனிந்துகொண்டு வெட்டியது ஞாபகம் வரும். அந்த அங்கி வேறு மாதிரியானது என்பதை எங்கள் கம்பெனியிலேயே கண்டுபிடித்த ஒரே ஆள் அவர்தான்.

"ஞானப்பூ" என்றேன். முதலில் முணுமுணுப்பாக. பிறகு சத்தமாக. "ஞானப்பூ! ஞானப்பூ!" பல்லடம் பஸ்ஸைக் கூவியது போலத் தொண்டை கிழியக் கூவினேன். அழுதுகொண்டே கூவினேன், அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

நூல் லேசாக இழுபட்டது. பிறகு விறைத்தது. பிறகு யாரோ சுருட்டுகிற அந்தச் சின்னத் துடிப்பு, ஒவ்வொன்றாக, என்னை நோக்கி வந்தது. நெரிதா என் இடுப்பைப் பிடித்துக்கொண்டார். பிடிக்கமாட்டேன் என்ற அந்தக் கை என்னைப் பிடித்திருந்தது.

அவள் வெளியே வந்தபோது கையில் பந்தளவு நூல், உடம்பில் நெஞ்சுவரைதான் அங்கி, கீழே தோல் கால்சட்டை. முகம் வெளிறியிருந்தது. அம்மாவை ஒரு நிமிஷம் கட்டிக்கொண்டு நின்றாள். பிறகு வழக்கப்படி ஊரைப் பார்த்துத் திரும்பி, கல்லருகில் நின்றபோது காதில் விழுந்த பெயரைச் சொன்னாள்.

"ஞானப்பூ."

ஊர் திருப்பிச் சொன்னது. அத்தனை பேரும் ஒரே குரலில். நான் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன்.

அன்று விருந்து. கொள்ளுப் பொடி தீர்ந்துவிட்டதே என்று எல்லாருக்கும் வருத்தம். அங்கியில் மிஞ்சும் கழுத்துப் பகுதியைச் செய்தவர்களுக்குத் தருவது அவர்கள் வழக்கமாம். நெரிதா அதை மடித்து என் கையில் வைத்து, என் கத்தரிக்காரக் கட்டைவிரலை முத்தமிட்டார். திரும்பும் வழியில் வண்டி விலங்குக்கு நான் பாடவே தேவைப்படவில்லை. வண்டிக்காரர் பல்லடம் பாட்டைக் கற்றுக்கொண்டிருந்தார்.

ஊர் வந்து சேர்ந்ததும் நேராகப் பேக்கிங் பக்கம் போய், "உம்பட பேரு என்ன கண்ணு?" என்று கேட்டேன். அவள் ஏதோ தப்பு நடந்துவிட்டதென்று பயந்து, "ரஞ்சிதமுங்க" என்றாள். ஒன்றுமில்லை, சும்மா கேட்டேன் என்றேன்.

அப்புறம் செக்கிங் மேசைக்குப் போனேன். எல்லார் முன்னாலும் கத்தியவள் எல்லார் முன்னாலும்தானே சொல்ல வேண்டும்? ரேடியோவை நிறுத்தச் சொன்னேன். "ஞானப்பூக்கா, அன்னிக்கு நீங்க கேட்டதுதான் சரி. நான் கத்துனது தப்புங்க" என்றேன். பிறகு நடந்ததையெல்லாம் சொன்னேன். வெள்ளையைப் பற்றி, தொய்ந்த நூலைப் பற்றி, அந்தப் பெண்ணின் பெயரைப் பற்றி.

ஞானப்பூ கையிலிருந்த பீஸைக் கீழே வைத்தார். "எம் பேரையா?" என்றார் ஒருதரம். "அந்தப் பிள்ள நல்லா இருக்காளா?" என்றார் இன்னொரு தரம். அந்தக் கழுத்துத் துண்டை வாங்கி, வழக்கம்போல வெளிச்சத்துக்கு நேரே பிடித்து, தோளைப் பார்த்து, கழுத்தைப் பார்த்து, திருப்பினார். கீழே, பிரிந்து நின்ற வரிசையிலிருந்து ஒரு முழம் நூல் தொங்கியது. பழக்கத்தில் அவர் கை கத்தரிக்குப் போயிற்று. போன கை அப்படியே நின்றது.

கண்ணைத் துடைத்துக்கொண்டு, சிரித்துக்கொண்டே என்னைப் பார்த்தார்.

"மேடம், நூலு தொங்குது. வெட்டட்டுமா, வேண்டாமா?"

"வேண்டாங்கக்கா" என்றேன்.